காளி நடந்த நகரமும் கண்ணை மூடிக்கொண்ட தமிழரும்

ரொறன்ரோவின் கிழக்குப் பகுதியான ஸ்காபரோவில், லோரன்ஸ் அவெனியூவின் இரு மருங்கிலும் விரிந்து கிடப்பது வெக்ஸ்போர்ட். அரபு இனிப்புக் கடைகளும், மளிகைக் கடைகளும், பல தேசத்து உணவகங்களும் நெருங்கி நிற்கும் அந்தத் தெருவில் கோடை வந்தால் 'ரேஸ்ற் ஒஃப் லோரன்ஸ்' என்னும் வீதித் திருவிழா நடைபெறும். பார்மசி அவெனியூவிலுள்ள வெக்ஸ்போர்ட் கலைப் பள்ளியில் நடனமும் நாடகமும் திரைப்படமும் பாடங்களாகவே கற்பிக்கப்படுகின்றன. அத்தகைய பள்ளியில் தம் பிள்ளைக்கு இடம் கிடைத்துவிட்டால் அதைப் பெருமையாகச் சொல்லிக்கொள்ளாத தமிழ்ப் பெற்றோர் அரிது. பிள்ளை மேடையேறுவதில் அவர்களுக்கு அத்தனை மகிழ்ச்சி. ஆனால் மேடையேறிய பிள்ளை எதைச் சொல்லலாம், எதைச் சொல்லக்கூடாது என்ற வினா எழும்போதுதான் அந்த மகிழ்ச்சியின் உண்மையான எல்லை தெரியவருகின்றது.

அந்த எல்லை எங்கே இருக்கின்றது என்பதை 2022ஆம் ஆண்டு ஜூலை மாதம் காட்டிவிட்டது. வெக்ஸ்போர்ட்டிலிருந்து ஒருசில கிலோமீட்டர் மேற்கே, வின்ஃபோர்ட் டிரைவில், 2014இல் திறக்கப்பட்ட ஆகா கான் அருங்காட்சியகம் அமைந்துள்ளது. அங்கே ஜூலை 2ஆம் நாள், ரொறன்ரோ மெட்ரோபொலிற்றன் பல்கலைக்கழகத்தின் 'அண்டர் த ரென்ட்' என்னும் திட்டத்தின் கீழ் 18 குறும்படங்கள் திரையிடப்பட்டன. கனடாவின் பன்முகப் பண்பாட்டை வெவ்வேறு இன, மதப் பின்னணிகளைச் சேர்ந்த மாணவர்கள் எவ்வாறு காண்கின்றார்கள் என்பதே அத்திட்டத்தின் பொருள். அவற்றுள் ஒன்று, யோர்க் பல்கலைக்கழகத்தில் அப்போது திரைப்படக் கலை பயின்றுகொண்டிருந்த லீனா மணிமேகலையின் 'காளி'.

படத்தின் கரு மிகவும் எளிமையானது. ஒரு மாலைப்பொழுதில் காளி ரொறன்ரோ வீதிகளில் இறங்கி நடக்கின்றாள். காளியாக வேடம் புனைந்து நடப்பவர் இயக்குநரே. மனிதர்களோடு பழகுகின்றாள், கென்சிங்டன் மார்க்கெட் அருகிலுள்ள பூங்காவில் தெருவோர மனிதர்கள் நீட்டும் சிகரெட்டை மறுக்காமல் வாங்கிக்கொள்கின்றாள். நிகழ்த்துகலையும் ஆவணப்படமும் கலந்த ஒரு முயற்சி என்றே அதைச் சொல்லவேண்டும். படத்தின் விளம்பரச் சுவரொட்டியில் காளியின் ஒரு கையில் சூலம், மற்றொரு கையில் பால்புதுமையினரின் வானவில் கொடி, வாயில் சிகரெட். அவ்வளவுதான். அந்த ஒற்றைப் படம் இணையத்தில் பரவியதும், படத்தின் ஒரு காட்சியைக்கூடப் பாராதவர்கள் இயக்குநரைக் கைது செய்யவேண்டும் என்று முழங்கத் தொடங்கினர். தலையை வெட்டுவோம் என்ற மிரட்டல்கள் வந்தன. டில்லியிலும் உத்தரப் பிரதேசத்திலும் பிற மாநிலங்களிலும் காவல்துறையினர் வழக்குகளைப் பதிந்தனர்.

இவையெல்லாம் இந்தியாவில் நடந்தவை. ஆனால் ரொறன்ரோவில் நடந்ததுதான் இங்கே கவனத்திற்குரியது. ஜூலை 4ஆம் நாள் ஒட்டாவாவிலுள்ள இந்திய உயர்ஸ்தானிகராலயம் ஓர் அறிக்கை வெளியிட்டது. கனடாவின் இந்துச் சமூகத் தலைவர்களிடமிருந்து முறைப்பாடுகள் வந்துள்ளன, எனவே கனேடிய அதிகாரிகளும் நிகழ்ச்சி அமைப்பாளர்களும் இத்தகைய ஆத்திரமூட்டும் படைப்புகளை விலக்கிக்கொள்ள வேண்டும் என்று அது வலியுறுத்தியது. மறுநாளே அருங்காட்சியகம் வருத்தம் தெரிவித்துப் படத்தை நீக்கிவிட்டதாக அறிவித்தது. பல்கலைக்கழகமும் வருந்தியது. ஒரு வெளிநாட்டு அரசின் தூதரகம் எழுதிய சில வரிகள், கனடாவின் உரிமைச் சாசனத்தைவிட வலிமையானவை என்பது ஓரிரு நாள்களில் நிறுவப்பட்டுவிட்டது! 1972இல் உகண்டாவின் இடி அமீன் ஆசியர்களை விரட்டியடித்தபோது கனடாவில் அடைக்கலம் பெற்ற மக்களுள் இஸ்மாயிலி சமூகத்தினரும் இருந்தனர். அச்சமூகத்தின் ஆன்மீகத் தலைவரின் பெயரைத் தாங்கி நிற்பதே அந்த அருங்காட்சியகம். அதிகாரத்தின் மிரட்டல் எத்தகையது என்பதை அறிந்த மரபு அது. அதுவே முதலில் பணிந்தது என்பதுதான் வேதனை.

சரி, அருங்காட்சியகத்தை விட்டுவிடலாம். தமிழர் என்ன செய்தனர்?

ரொறன்ரோ மாநகரில் தமிழருக்கு அமைப்புகள் ஏராளம். வானொலிகள், வாரப் பத்திரிகைகள், பழைய மாணவர் சங்கங்கள், ஊர்ச் சங்கங்கள் என எதற்கும் குறைவில்லை. ஒரு தமிழ்ப் படைப்பாளியின் படைப்பு, தமிழர் செறிந்து வாழும் ஸ்காபரோவின் வாசலில், ஒரு தூதரகத்தின் சொற்படி அகற்றப்பட்டது. அதற்கு எதிராக எழுந்த குரல்கள் அந்நிகழ்வின் பாரதூரத்துக்குச் சிறிதும் ஈடாக இருக்கவில்லை. பலருக்கு அது "இந்தியாவின் உள்விவகாரம்". வேறு பலருக்கு அது "மதத்தைக் கேலி செய்த பெண்ணுக்குக் கிடைத்த பாடம்". இன்னும் சிலருக்கோ அந்த வானவில் கொடியே சங்கடமாக இருந்தது. அதை வாய்விட்டுச் சொல்லாமல், "காலமும் இடமும் பார்த்துச் செய்திருக்கலாம்" என்று நாகரிகமாகச் சொல்லிக்கொண்டனர்.

இவர்களுக்கு லீனா மணிமேகலை யார் என்பதை நினைவூட்டுவது அவசியமாகின்றது. விருதுநகர் மாவட்டத்து மகாராஜபுரத்தில் பிறந்த கவிஞர். தாம் இருபாலீர்ப்புக் கொண்டவர் என்பதை ஒளிக்காதவர். அவருடைய கவிதைகளை இந்து அமைப்புகளும் எதிர்த்தன, இடதுசாரிக் குழுவொன்றும் எதிர்த்தது. ஒரு பெண் தன் உடலைப் பற்றி எழுதினால் இருதுருவங்களும் எவ்வளவு எளிதில் கைகோத்துக்கொள்கின்றன! 2011இல் அவர் எடுத்த 'செங்கடல்', தனுஷ்கோடி மீனவர்களையும் இலங்கைக் கடற்படையின் தாக்குதல்களையும் அகதிகளாய் வந்திறங்கிய ஈழத்தமிழரையும் பேசியது. இந்தியத் தணிக்கைக் குழு அதற்குச் சான்றிதழ் மறுத்தது. மேன்முறையீட்டுத் தீர்ப்பாயம் வரை சென்று போராடியே அவர் அனுமதி பெற்றார். 2013இல் அவர் எடுத்த 'வெள்ளை வான் கதைகள்' என்னும் ஆவணப்படம், இலங்கையில் வலிந்து காணாமல் ஆக்கப்பட்டோரின் குடும்பங்களைப் பின்தொடர்ந்தது. அவ்வாண்டு நவம்பரில் கொழும்பில் பொதுநலவாய மாநாடு நடைபெற்ற வேளையில் அதன் பகுதிகளைப் பிரித்தானியாவின் சனல் 4 செய்தி ஒளிபரப்பியது. அந்த நாள்களில் அவர் "எங்கள் லீனா". தமிழரின் கண்ணீரைப் படம்பிடித்தால் தங்கை, தமிழரின் மனக்கோணலைப் படம்பிடித்தால் அயலாள். இதற்கு என்ன பெயர் வைப்பது?

அவர் கனடாவுக்கு வந்து சேர்ந்த கதையும் சாதாரணமானதன்று. 2018இல் தமிழ்த் திரையுலக இயக்குநர் ஒருவர்மீது அவர் பாலியல் அத்துமீறல் குற்றச்சாட்டு வைத்தார். இயக்குநர் அதை மறுத்து அவதூறு வழக்குத் தொடுத்தார். அந்த வழக்கைக் காரணம் காட்டி 2021இல் அவருடைய கடவுச்சீட்டு முடக்கப்பட்டது. யோர்க் பல்கலைக்கழகத்தில் இடம் கிடைத்திருந்த நேரம் அது. சென்னை உயர்நீதிமன்றம் அந்த முடக்கத்தை நீக்கிய பின்னரே அவரால் பயணம் செய்ய முடிந்தது. கடவுச்சீட்டு என்ற சிறு புத்தகம் ஒரு மனிதரின் வாழ்வை எப்படி நிறுத்திவைக்கும் என்பதை ஈழத்தமிழருக்கு எவரும் விளக்கவேண்டியதில்லை.

இனி, முன்வைக்கப்படும் வாதங்களைப் பார்ப்போர் ஒன்றைக் கவனிக்கலாம். அவற்றுள் வலிமையானதாகத் தோன்றுவது "அம்மனை அவமதித்தார்" என்பதே. ஆனால் எந்த அம்மனை? தூத்துக்குடி மாவட்டத்துக் குலசேகரப்பட்டினம் முத்தாரம்மன் கோயிலில் ஆண்டுதோறும் தசரா நடைபெறுகின்றது. நேர்ந்துகொண்டவர்கள் விரதமிருந்து வேடம் புனைந்து வீதிவீதியாகக் காணிக்கை பெறுகின்றனர். அங்கே காளி வேடமே மிகக் கடுமையான விரதத்துக்குரியது. முகத்தில் வண்ணம் பூசி, நாக்கைத் தொங்கவிட்டு, பல கைகளைக் கட்டிக்கொண்டு காளியாக வருபவர்கள் பெரும்பாலும் ஆண்கள்! சேலை உடுத்து, கூந்தல் வைத்து, தேவியாகி நடக்கும் அந்த ஆணை எவரும் "பண்பாட்டுச் சீரழிவு" என்று சொல்வதில்லை. காலில் விழுந்து கும்பிடுகின்றனர். வேடம் தரித்தவரின் உடல் ஆணா பெண்ணா என்பதை அம்மன் கேட்பதில்லை. ஸ்காபரோவில் குளிரூட்டிய அறையில் இருந்துகொண்டு அறிக்கை எழுதுபவர்தாம் கேட்கின்றனர்.

சிகரெட்டுக்கு வருவோம். சுடலைமாடனுக்கும் கருப்பசாமிக்கும் முனீஸ்வரனுக்கும் சுருட்டும் சாராயமும் படைக்காத ஊர் தென்தமிழகத்தில் உண்டா? கிராமத்துக் காளிக்குக் கிடாயும் கள்ளும் படையலாவதில்லையா? வங்காளத்துத் தாராபீடத்தில் மதுவும் மீனும் தேவிக்கு நிவேதனமாகின்றன. உழைத்துக் களைத்த மனிதன் தான் உண்பதையும் குடிப்பதையும் புகைப்பதையுமே தெய்வத்துக்கும் கொடுத்தான். அதில் ஏளனம் இல்லை, உறவுதான் உண்டு. பூங்காவில் வீடற்ற ஒருவர் தம்மிடமிருந்த ஒரே சிகரெட்டை நீட்ட, காளி அதைப் பெற்றுக்கொண்டால், அது படையலன்றி வேறென்ன? சுருட்டு என்றால் பக்தி, சிகரெட் என்றால் தேவநிந்தனை என்று எந்த ஆகமத்தில் எழுதியிருக்கின்றது?

இலக்கியத்தைத் துணைக்கழைப்போருக்கும் ஏமாற்றமே காத்திருக்கின்றது. சிலப்பதிகாரத்தின் வேட்டுவ வரியில், எயினர் தம் குலத்துக் குமரி ஒருத்தியைக் கொற்றவையாகக் கோலம் புனைந்து கலைமான்மேல் ஏற்றி வழிபடுகின்றனர். கடலாடு காதையில் மாதவி ஆடிய பதினோராடல்களுள் ஒன்றான பேடு, காமன் தன் மகன் அநிருத்தனைச் சிறைமீட்பதற்காகப் பேடிக் கோலம் பூண்டு ஆடியது. ஆண்மை திரிந்தோரைக் குறிக்கும் சொல் எந்த வினைமுடிபு கொள்ளும் என்று தொல்காப்பியரே விதி வகுத்தார். மொழியின் முதல் இலக்கண நூலிலேயே இடம்பெற்ற மனிதருக்கு, மொழியின் பெயரால் நடக்கும் விழாக்களில் மட்டும் இடமில்லை.

"இதெல்லாம் மேற்குலக இறக்குமதி" என்று சொல்வோர் உண்டு. இறக்குமதியானது எது என்பதைச் சட்டப் புத்தகங்களைத் திறந்தால் காணலாம். இலங்கையில் ஒருபாலுறவைக் குற்றமாக்கும் 365, 365ஏ ஆகிய பிரிவுகள் பிரித்தானியர் 1883இல் தந்த தண்டனைக் கோவையின் வழிவந்தவை. இந்தியாவில் 2018 செப்டம்பர் 6ஆம் நாள் உச்சநீதிமன்றத்தால் வலுவிழந்த 377ஆம் பிரிவும் பிரித்தானியர் எழுதியதே. லீனாமீது ஏவப்பட்ட வகையைச் சேர்ந்த, மத உணர்வைப் புண்படுத்துவதைத் தண்டிக்கும் 295ஏ பிரிவோ 1927இல் அதே ஆட்சியாளரால் சேர்க்கப்பட்டது. வெள்ளைக்காரன் கொண்டுவந்தது வானவில் மனிதரை அல்ல. அவர்களைத் தண்டிக்கும் தடியைத்தான். அந்தத் தடியைப் பத்திரமாக வைத்துக்கொண்டு பண்பாடு என்று பெயரிட்டிருப்பது யார்? தமிழ்நாடு 2008லேயே திருநங்கையருக்கென நலவாரியம் அமைத்தது. சென்னை உயர்நீதிமன்றம் 2021இல் பால்புதுமையினரின் பாதுகாப்புக்கென விரிவான ஆணைகளைப் பிறப்பித்தது. தாயகமும் தமிழகமும் தட்டுத்தடுமாறியேனும் நகர்கின்றன. புலம்பெயர்ந்தோருள் பலர்தாம் தாங்கள் விமானமேறிய ஆண்டிலேயே கடிகாரத்தை நிறுத்திவிட்டனர்.

நலவாரியம் வந்தும் வாழ்வு எளிதாகிவிடவில்லை என்பதையும் லீனாவே பதிவு செய்துள்ளார். 2017இல் அவர் எடுத்த ஆவணப்படமொன்றில், நாடகக் கலைஞர்களான இரு திருநங்கையர், லிவிங் ஸ்மைல் வித்யாவும் ஏஞ்சல் கிளாடியும், சென்னையில் வாடகைக்கு வீடு தேடி அலைகின்றனர். வேறொன்றும் நடப்பதில்லை, வீடு தேடுகின்றனர். வித்யா சாதாரணமானவர் அல்லர். முதுநிலைப் பட்டம் பெற்றவர், 'நான் வித்யா' என்ற தன்வரலாற்று நூலின் ஆசிரியர். அந்நூலைத் தழுவி எடுக்கப்பட்ட கன்னடப் படத்தில் அவராக நடித்தவருக்குத் தேசிய விருது கிடைத்தது. வேடம் போட்டவருக்கு விருது, வாழ்ந்தவருக்கு வீடில்லை. 1980களில் ரொறன்ரோ வந்திறங்கி, பெயரைக் கேட்டதுமே "வீடு வாடகைக்குப் போய்விட்டது" என்ற பதிலைப் பெற்ற தமிழருக்கு அந்தப் படத்தின் எந்தக் காட்சியும் அந்நியமாக இராது.

இனி இன்னொரு வாதம்: "இனத்தின் விடுதலையே முதன்மை, இவை பின்னர்." இவ்வாதத்தைச் சொல்வோர் தங்கள் சொந்த வரலாற்றையே ஒருமுறை வாசிப்பது நல்லது. 1986 ஆகஸ்டில் நியூஃபவுண்ட்லாந்துக் கரையோரம் படகுகளில் மீட்கப்பட்ட 155 தமிழரும், 2010 ஆகஸ்டில் 'சன் சீ' கப்பலில் வந்த 492 தமிழரும் எந்தச் சட்டத்தின் கீழ் அடைக்கலம் கேட்டனர்? அகதிகள் சாசனத்தின் கீழ்தானே! அச்சாசனத்தில் "குறிப்பிட்ட சமூகக் குழு" என்றொரு சொற்றொடர் உண்டு. 1993இல் வோர்ட் வழக்கில் கனேடிய உச்சநீதிமன்றம் அதற்கு விளக்கம் தந்தபோது, பிறப்பால் அமைந்த, மாற்றமுடியாத பண்புகளுக்கு எடுத்துக்காட்டாகப் பாலினம், மொழிப் பின்னணி, பாலீர்ப்பு ஆகிய மூன்றையும் ஒரே வரியில் வைத்தது. மொழிக்காக விரட்டப்பட்டவரும் பாலீர்ப்புக்காக விரட்டப்பட்டவரும் அந்தத் தீர்ப்பின் கண்ணில் ஒரே வாசலில் நிற்பவர்கள். தமக்குக் கதவைத் திறந்த அதே வரியின் கடைசிச் சொல்லை மட்டும் அழித்துவிட்டு உள்ளே நுழைய முடியுமா?

தூதரகத் தலையீட்டின் கதையும் அத்தகையதே. 2013இல் கோலாலம்பூரில் 'நோ ஃபயர் ஸோன்' படத்தைத் திரையிட்டதற்காக லீனா ஹென்றி என்னும் மனித உரிமைச் செயற்பாட்டாளர்மீது வழக்குத் தொடரப்பட்டு, 2017இல் 10,000 ரிங்கிட் தண்டம் விதிக்கப்பட்டது. முள்ளிவாய்க்காலின் கொடுமைகளைக் காட்டிய அப்படம் காட்டப்படுவதை இலங்கை அரசு விரும்பவில்லை. 2025 மே மாதம் பிரம்டன் நகரின் சிங்குவகூசி பூங்காவில் தமிழினப் படுகொலை நினைவுச்சின்னம் திறக்கப்பட்டபோது, இலங்கை வெளிவிவகார அமைச்சர் கனேடியத் தூதரை அழைத்துத் தம் எதிர்ப்பைத் தெரிவித்தார். அப்போது உலகத் தமிழர் எல்லோரும் ஒரே குரலில் சொன்னது என்ன? "கனடாவில் எதை நினைவுகூர்வது என்பதைக் கொழும்பு தீர்மானிக்க முடியாது." மிகச் சரியான வாதம். கனடாவில் எதைத் திரையிடுவது என்பதைப் புதுடில்லி தீர்மானிக்க முடியாது என்பதும் அதே வாதம்தானே? பிரம்டன் நகரசபை பணியவில்லை. அதனால் நினைவுச்சின்னம் நிற்கின்றது. வின்ஃபோர்ட் டிரைவில் பணிந்தார்கள், திரை அணைந்தது. இதில் ஒன்றை வெற்றி என்று கொண்டாடிவிட்டு மற்றதற்குத் தோளைக் குலுக்குபவர், நாளை பிரம்டனில் நெருக்கடி வரும்போது எந்தக் கொள்கையைச் சொல்லி வாதாடுவார்?

'ஃபன்னி போய்' திரைப்படத்தை ஒட்டி எழுந்த சர்ச்சையும் இங்கே நினைவுக்கு வருகின்றது. 1983 இனக்கலவரத்திற்குப் பின் குடும்பத்துடன் கனடா வந்த ஷியாம் செல்வதுரை 1994இல் எழுதிய நாவல் அது. மணப்பெண் வேடமிட்டு விளையாட விரும்பிய ஆர்ஜி என்னும் கொழும்புத் தமிழ்ச் சிறுவனின் கதை. 2020இல் தீபா மேத்தா அதைப் படமாக்கியபோது, முக்கிய பாத்திரங்களில் தமிழர் அல்லாதோர் நடித்ததையும், தமிழ் வசனங்கள் சிதைந்து ஒலித்ததையும் கண்டு புலம்பெயர் தமிழர் கொதித்தனர். நியாயமான கோபம், தமிழ்ப் பால்புதுமையினரே அதில் முன்னின்றனர் என்பதும் குறிப்பிடத்தக்கது. ஆனால் கூடச் சேர்ந்து கூவியவர்களுள் எத்தனை பேருக்கு ஆர்ஜியின் துயரம் பொருட்டாக இருந்தது, எத்தனை பேருக்கு ழகரம் மட்டும் பொருட்டாக இருந்தது என்பதை 2022 வெளிப்படுத்திவிட்டது. இம்முறை இயக்கியவர் தமிழர், காளியாக நடித்தவர் தமிழர், உச்சரிப்பில் பிழை பிடிக்க வழியில்லை. கூவியவர்களைத்தான் காணவில்லை.

படம் பிடிக்கவேண்டும் என்று எவருக்கும் கட்டாயமில்லை. சுவரொட்டி சற்றே வலிந்து செய்யப்பட்டது என்று சொல்வோருக்கும் அவ்வாறு சொல்ல உரிமை உண்டு. அதைப் பற்றி எழுதலாம், திட்டலாம், அரங்கிலிருந்து எழுந்து போகலாம். ஆனால் பாராமலே தீர்ப்பெழுதியதும், அகற்றியபின் நிம்மதிப் பெருமூச்சு விட்டதும் விமர்சனம் ஆகா. இந்திய உச்சநீதிமன்றமே 2023 ஜனவரியில் அவர்மீது கடும் நடவடிக்கை எதுவும் எடுக்கலாகாது என்று இடைக்காலப் பாதுகாப்பு அளித்தது. ஏப்ரலில் பல மாநிலங்களின் வழக்குகளை டில்லிக்கு ஒன்றாக மாற்றியது. புதுடில்லி நீதிமன்றம் காட்டிய அளவு நிதானத்தைக்கூட ஸ்காபரோ காட்டவில்லை.

மட்டக்களப்பைப் பற்றி ஒரு செய்தி. 1990களில், மகன்களும் கணவர்களும் இரவோடிரவாகக் கொண்டுசெல்லப்பட்ட காலத்தில், அங்கே நீதிமன்றத்துக்கும் படைமுகாமுக்கும் அலைந்து களைத்த தாய்மார் அம்மன் கோயில்களுக்குச் சென்றனர். உருவேறி ஆடும் சாதாரண மனிதர்களின் உடலில் காளி இறங்கி, பிள்ளை உயிரோடு இருக்கின்றானா இல்லையா என்று வாக்குச் சொன்னாள். மானுடவியலாளர் பட்ரீஷியா லோரன்ஸ் இதை விரிவாகப் பதிவு செய்துள்ளார். பேச எவருமே துணியாதபோது காளிதான் பேசினாள், அதுவும் உலகம் மதியாத உடல்களின் வழியாக. 'வெள்ளை வான் கதைக'ளுக்காக அதே தாய்மாரின் முன் கமராவுடன் அமர்ந்திருந்த பெண், ஒன்பது ஆண்டுகள் கழித்து ரொறன்ரோ வீதியில் காளியாக நடந்ததில் வியப்பென்ன இருக்கின்றது?

ஸ்காபரோவில் விழா மண்டபங்களுக்குப் பஞ்சமில்லை. அரங்கேற்றங்களுக்கும் பூப்புனித நீராட்டு விழாக்களுக்கும் ஆண்டு முழுவதும் முன்பதிவாகும் அம்மண்டபங்களுள் ஒன்றை, ஒரு தமிழ் அமைப்பு, ஒரு மாலைக்கு எடுக்கட்டும். 'செங்கடல்', 'வெள்ளை வான் கதைகள்', வீடு தேடும் இரு திருநங்கையரின் படம், அவற்றோடு 'காளி' ஆகியவற்றை இயக்குநரின் இசைவோடு வரிசையாகத் திரையிடட்டும். வெக்ஸ்போர்ட் கலைப் பள்ளியில் திரைப்படம் பயிலும் தமிழ்ப் பிள்ளைகளுக்கு முன்வரிசையில் நாற்காலி போடட்டும். பிடிக்காதவர்கள் வாயிலில் நின்று துண்டுப்பிரசுரம் கொடுக்கட்டும். அவர்களுக்கும் இடைவேளையில் தேநீரும் வடையும் வழங்கப்படட்டும்.